ஊமைப் படத்துக்குக் கொட்டிய கெட்டிமேளம்

எங்கள் தமிழ்ச் சங்கத்து மலருக்குக் கட்டுரை ஒன்று வேண்டுமாம். வேலை செய்து ஓய்ந்தவர்கள் தங்கள் அனுபவத்தை எழுதினால் இளையவர்களுக்குப் பயன்படும் என்று தலைவர் தொலைபேசியில் சொன்னார். ஓம் என்று சொல்லிவிட்டுப் பிறகுதான் யோசித்தேன். நான் செய்த வேலையே இப்போது இல்லை. அதை வைத்துக்கொண்டு இளையவர்கள் என்ன செய்யப் போகிறார்கள்?

நான் பியோகிராஃபில் படம் ஓட்டினேன். டென்மார்க்கில் தியேட்டருக்கு அதுதான் பெயர். போன மாதம் அந்தப் பக்கம் போனபோது மேலே ஏறிப் பார்த்தேன். என் இரண்டு மெஷின்களும் நின்ற இடத்தில் கடதாசிக் கோப்பைகளை அடுக்கி வைத்திருக்கிறார்கள். படம் தன்பாட்டில் ஓடிக்கொண்டிருந்தது. யார் ஓட்டுகிறது என்று கேட்டேன். ரிக்கற் விற்கிற பிள்ளை தன் கைத்தொலைபேசியைத் தூக்கிக் காட்டினாள்.

சரி, இல்லாத வேலையைப் பற்றியாவது எழுதி வைப்போம்.

ஹேர்னிங்கில் நான் வேலை செய்த துணித் தொழிற்சாலை தன் மெஷின்களை எல்லாம் கழற்றிப் போலந்துக்கு அனுப்பியது. எங்களை அனுப்பவில்லை. கொம்யூனில், அதாவது நகரசபையில் இருந்த பெண், உனக்கு என்ன தெரியும் என்று கேட்டார். நூல் அறுந்தால் முடிச்சுப் போடத் தெரியும் என்றேன். அவர் கணினியைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, ஸ்கீவ நகருக்குப் போகிற வழியில் ஒரு சின்ன ஊரில் பியோகிராஃப் ஒன்று இருக்கிறது, அங்கே பிலிம் அடிக்கடி அறுகிறதாம் என்றார். அப்படித்தான் நான் கலைத்துறைக்கு வந்தேன்.

தொழில் பழகிய கதையைச் சுருக்கிவிடுகிறேன். அதில் முக்கால்வாசி விரல் வெட்டுப்பட்ட கதை. எனக்கு முன்பு ஓட்டியவர் ஒரு பின்னேரம் எல்லாவற்றையும் காட்டித் தந்துவிட்டு மீன் பிடிக்கப் போனார். திரும்பி வரவில்லை. மீதியை மெஷின்களே படிப்பித்தன. ஒரு ரீல் முடியப் போகும்போது திரையின் வலது மூலையில் ஒரு சின்னப் பொட்டு மின்னும். அதைக் கண்டதும் மற்ற மெஷினை ஓடவிட வேண்டும். அடுத்த பொட்டு மின்னியதும் இதன் கண்ணை மூடி அதன் கண்ணைத் திறக்க வேண்டும். சரியாகச் செய்தால் ஒருவருக்கும் தெரியாது. தெரியாமல் இருப்பதுதான் அந்த வேலையின் பெருமை. ஆனால் அந்தப் பொட்டைப் பார்த்துப் பழகியவன் பிறகு ஒரு படத்தையும் நிம்மதியாகப் பார்க்க மாட்டான். "கதாநாயகி சாகேக்கையும் நீங்கள் வலது மூலையைத்தான் பாக்கிறியள்" என்று என் மனுசி இன்றைக்கும் குறை சொல்லுவா.

என் மேலாளரின் பெயர் கீர்ஸ்டன். நெடிய மனுசி. பியோகிராஃபின் சாவிகள் எல்லாவற்றையும் கம்பளி நூலில் கோத்துக் கழுத்தில் போட்டிருப்பார். நடந்து வந்தால் கோயில் மாடு வருகிற மாதிரிச் சத்தம் கேட்கும். அவர் யாரையும் ஏசி நான் கேட்டதில்லை. பிழை நடந்தால் ஒரே ஒரு வசனம்: "அப்படியும் செய்யலாம்." மிக நன்றாகச் செய்தால் இன்னொரு வசனம்: "மோசமில்லை." டென்மார்க்கின் இந்த யூலண்ட் பக்கத்து மனிதர்கள் சொற்களைக் குளிர்காலத்து விறகு மாதிரி எண்ணித்தான் செலவழிப்பார்கள். அவர் வாயிலிருந்து முதல் "மோசமில்லை" வந்த அன்று நான் வீட்டுக்குப் போகிற வழியில் இனிப்புப் பெட்டி வாங்கினேன்.

ஒரு முறை பட விநியோகக்காரர் அனுப்பிய ரீல் தலைகீழாகச் சுற்றப்பட்டு வந்தது. திரையில் மனிதர்கள் கூரையில் நடந்தார்கள். நான் நிறுத்துவதற்கு முன் சனம் எழும்பிச் சத்தம் போடும் என்று நினைத்தேன். ஒருவரும் அசையவில்லை. இது புதுமாதிரிப் படம், தங்களுக்குத்தான் விளங்கவில்லை என்று மரியாதையாக இருந்து பார்த்தார்கள். கீர்ஸ்டன் மேலே ஏறி வந்து, "அப்படியும் செய்யலாம்" என்றார். பிறகு நேராக்கி ஓட்டினோம். வெளியே போகும்போது ஒரு விவசாயி, தொடக்கம்தான் நல்லாயிருந்தது என்று சொல்லிவிட்டுப் போனார்.

எங்கள் சனத்துக்கு ஒரு ஞாயிறு காலை தமிழ்ப் படம் போட்ட கதை ஹேர்னிங்கில் பலருக்கும் தெரியும். பத்து மணி என்று விளம்பரம். பத்து மணிக்கு மண்டபத்தில் ஒரு காக்கை குருவி இல்லை. கீர்ஸ்டன் மணிக்கூட்டைப் பார்த்தார், விளக்கை அணைத்தார், ஓட்டு என்றார். நான் வெறும் கதிரைகளுக்குப் படம் காட்டினேன். சனம் வந்து சேர்ந்தபோது கதாநாயகனுக்கு நிச்சயதார்த்தம் முடிந்துவிட்டது. தொடக்கத்திலிருந்து போடச் சொல்லிக் கேட்டார்கள். "படம் நேரத்துக்கு வந்தது" என்று மட்டும் சொன்னார் கீர்ஸ்டன். அடுத்த முறை அவரே விளம்பரத்தில் ஒன்பது மணி என்று போட்டார். பத்துக்குத் தொடங்கினோம். எல்லாரும் இருந்தார்கள்.

இனி நான் எழுத வந்த விசயம்.

கீர்ஸ்டனும் பிரேபெனும் இளம் வயதிலிருந்து ஒரே வீட்டில் இருந்தார்கள். கலியாணம் கட்டவில்லை. பிரேபென் பள்ளிக்கூடத்தில் ஜெர்மன் படிப்பித்து ஓய்வுபெற்றவர். மெல்லப் பேசுகிற மனிதர். ஏன் கட்டவில்லை என்று ஒரு நாள் கேட்டேன். முதலில் கொள்கைக்காக, பிறகு சோம்பலுக்காக என்றார். டென்மார்க்கில் இது பெரிய விசயமா என்று நீங்கள் கேட்பீர்கள். கொப்பன்ஹேகனில் இல்லை. ஆனால் மேற்கு யூலண்டில் ஊருக்கு ஊர் மிஷன் வீடு என்று ஒரு ஜெபக் கூடம் உண்டு. அங்கே போகிறவர்கள் ஆட மாட்டார்கள், சீட்டு விளையாட மாட்டார்கள், படம் பார்க்க மாட்டார்கள். கீர்ஸ்டன் அந்தக் குடும்பத்துப் பிள்ளை. அவருடைய அக்கா கேர்டா, எண்பது தாண்டிய மனுசி, மிஷன் வீட்டில் முன்வரிசை. ஒரே ஊரில் இருந்தும் தங்கையின் வீட்டு வாசலை ஒருநாளும் மிதித்ததில்லை. பிறந்தநாள் என்றால் தேநீர்க் கடையில் சந்திப்பார்கள். பிரேபென் வெளியே காருக்குள் இருப்பார்.

கீர்ஸ்டன் இளம் பெண்ணாக இருந்தபோது ஒரு பழைய ஜெர்மன் ஊமைப் படம் பார்த்தாராம். நீதிபதியின் மகள் எல்சா, வீட்டில் பேசிய இராணுவ அதிகாரியை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, மணிக்கூடு திருத்துகிற ஒருவனோடு மாடி அறையில் போய் இருக்கிறாள். மோதிரமும் இல்லை, பாதிரியாரும் இல்லை. ஊர் முழுக்க வாயில் போட்டு மெல்லுகிறது. அவள் குனியவில்லை. படம் முடிந்து வெளியே வந்த அன்றே கீர்ஸ்டன் பிரேபெனிடம் போய், உன் அறையில் இன்னொரு கட்டில் வைக்க இடம் இருக்கிறதா என்று கேட்டாராம்.

பிலிம் மெஷின்களைக் கழற்றப் போகிறார்கள் என்று தெரிந்ததும் கீர்ஸ்டன் ஒன்றே ஒன்று கேட்டார். கடைசிப் படமாக அந்தப் படத்தை ஓட்ட வேண்டும், அதை அக்கா இருந்து பார்க்க வேண்டும். இதற்காக அவர் பழம்படக் காப்பகத்தோடு எவ்வளவோ காலம் மல்லுக்கட்டினார். கேர்டாவைச் சம்மதிக்க வைத்ததுதான் எனக்கு ஆச்சரியம். பிறகு பிரேபென் விளக்கினார். பேசாத படத்தில் கெட்ட வார்த்தை இருக்காது என்று கேர்டா நினைத்துவிட்டாராம்.

காப்பகம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தது. ரீல்களை ஒன்றோடொன்று ஒட்டக் கூடாது. இசையை ஆள் இருந்து நேரில் வாசிக்க வேண்டும். திங்கள் காலை பிரதி வண்டியில் ஏறிவிட வேண்டும். வசன அட்டைகள் ஜெர்மனில் வரும் என்பதால், திரைக்குப் பக்கத்தில் சின்ன விளக்கோடு இருந்து பிரேபென் டெனிஷில் வாசிப்பது என்று ஏற்பாடு. எல்லாம் ஒழுங்கு. சனிக்கிழமை பின்னேரம் பியானோக்காரர் சைக்கிளால் விழுந்து கையை முறித்துக்கொண்டார்.

நான் கீர்ஸ்டனின் முகத்தைப் பார்த்தேன். அவர் கழுத்துச் சாவிகளைக் கையில் பொத்திப் பிடித்துக்கொண்டிருந்தார், சத்தம் வராமல். அக்காவை இன்னொரு ஞாயிறு கூட்டிவர முடியாது என்றார்.

அந்த வாரம் ஹேர்னிங்கில் கோயில் திருவிழா. யாழ்ப்பாணத்து இணுவிலிலிருந்து நாதஸ்வர வித்துவான் நாகலிங்கண்ணையும் தவில் வாசிக்கிற பாலனும் வந்திருந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை அவர்களுக்கு ஓய்வு. நான் போய்க் கேட்டேன். என்ன சாமி என்று கேட்டார் நாகலிங்கண்ணை. சாமி இல்லை, படம் என்றேன். ஆர் பாடுறது என்று கேட்டார். ஒருவரும் பாட மாட்டார்கள், ஒருவரும் கதைக்கவும் மாட்டார்கள் என்றேன். "அப்ப எங்களுக்கு இடைஞ்சல் இல்லை" என்று சம்மதித்தார்.

அவர்கள் வாசிக்கப் போகிறார்கள் என்ற செய்தி ஹேர்னிங் முழுவதும் பரவிவிட்டது. ஞாயிறு பின்னேரம் மண்டபத்தில் பாதி டெனிஷ் கிழவர்கள், பாதி எங்கள் சனம். கேர்டா தொப்பி போட்டு, கைப்பையை மடியில் நேராக வைத்து, நடு வரிசையில் இருந்தார். அவருக்குப் பக்கத்தில் பரமேசக்கா இருந்தா. பரமேசக்கா முதியோர் இல்லத்தில் வேலை செய்து ஓய்ந்தவ. எந்தக் கிழவியைக் கண்டாலும் போர்வையைச் சரிசெய்து, நடக்கிற விசயத்தை விளக்கிச் சொல்லாமல் அவவால் இருக்க முடியாது.

தொடக்கம் நன்றாகவே போனது. மேளகாரர் இருவரும் திரைக்குக் கீழே கம்பளத்தில் இருந்து, தலையை அண்ணாந்து படத்தைப் பார்த்தபடியே வாசித்தார்கள். அதிகாரி பெண் பார்க்க வரும்போதெல்லாம் நாகலிங்கண்ணை சோகமாக ஒன்றை இழுத்தார். டெனிஷ்காரர் சிலர் கண்ணைத் துடைத்தார்கள். எல்சா வீட்டை விட்டு ஓடும்போது பாலன் தவிலில் குதிரை ஓடுகிற மாதிரி வாசித்தான். மேலேயிருந்து சின்ன ஜன்னலால் பார்த்த எனக்கு, பியானோக்காரர் விழுந்ததே நல்லது என்று கூடத் தோன்றியது.

அப்போது அந்தக் காட்சி வந்தது. மாடி அறை. மணிக்கூட்டுக்காரன் ஒரு சின்ன மணிக்கூட்டைச் சங்கிலியில் கோத்து எடுக்கிறான். எல்சா தலையைக் குனிகிறாள். அவனுடைய இரண்டு கைகளும் அவளுடைய கழுத்துக்குப் பின்னால் போகின்றன.

இதில் மேளகாரரில் பிழை சொல்ல முடியாது. வாழ்நாள் முழுக்கக் கலியாண வீடுகளில் வாசித்தவர்கள். ஆணின் கை பெண்ணின் கழுத்துக்குப் பின்னால் போனால், மூளை யோசிக்க முதலே கை கொட்டிவிடும். கொட்டியது. அந்தச் சின்ன மண்டபத்தில் கெட்டிமேளம் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். மெஷின் அறைக் கண்ணாடி அதிர்ந்தது. எங்கள் சனம் மொத்தமாக எழும்பிவிட்டது. அதுவும் பழக்கம்தான். கை அட்சதை போட அறுகரிசியைத் தேடியது. கையில் இருந்தது பொப்கோர்ன். வீசினார்கள். எழும்பி நின்று எறிவதுதான் இந்தப் படத்துக்கு முறை என்று நினைத்த டெனிஷ்காரர்களும் எழும்பி எறிந்தார்கள். அதே நேரம் திரையில் படத்தின் முக்கியமான அட்டை வந்து போனது: மோதிரமும் வேண்டாம், பாதிரியாரும் வேண்டாம், நீ இருந்தால் போதும். பிரேபென் வாயைத் திறந்து மூடியதை நான் கண்டேன். ஒரு சொல் கேட்கவில்லை.

கேர்டா, தொப்பியில் விழுந்த பொப்கோர்னை எடுத்துப் பார்த்துவிட்டு, என்ன நடந்தது என்று பக்கத்தில் கேட்டாராம். பரமேசக்கா வழக்கம்போல அன்பாக விளக்கியிருக்கிறா. இப்போது இவர்களுக்குக் கலியாணம் முடிந்துவிட்டது, இனிப் பயமில்லை என்று. கேர்டாவின் முகம் மலர்ந்ததாம். கடவுளுக்கு நன்றி என்று சொல்லிவிட்டு, அந்தப் பொப்கோர்னை வாயில் போட்டுக்கொண்டாராம்.

படிக்கட்டில் சாவிச் சத்தம் கேட்டது. "அப்படியும் செய்யலாம்" வரப் போகிறது என்று நின்றேன். கீர்ஸ்டன் "இல்லை" என்றார். அவ்வளவு காலத்தில் அவர் வாயிலிருந்து நான் கேட்ட முதல் "இல்லை" அது. ரீல் முடிந்ததும் நிறுத்தச் சொன்னார். சனத்துக்குக் கோப்பி இடைவேளை என்று அறிவித்துவிட்டு, மேளகாரரை ரிக்கற் விற்கும் இடத்துக்குக் கூப்பிட்டார். நடுவில் நான் மொழிபெயர்ப்பு. கீர்ஸ்டன் பேசியது டெனிஷ்தான், நான் எங்கள் பேச்சில் தருகிறேன்.

"அவ கலியாணம் கட்டேல்லை" என்றார் கீர்ஸ்டன். "கட்டாததுதான் படமே."

நாகலிங்கண்ணை நாதஸ்வரத்தின் சீவாளியைத் துடைத்துக்கொண்டே, "கட்டினதை நான் என்ரை ரெண்டு கண்ணாலையும் கண்டனான்" என்றார்.

"அது சங்கிலி. அதிலை மணிக்கூடு தொங்குது."

"மணிக்கூட்டுக்காரன் வேறை என்னத்தைத் தொங்கவிடுவான்?"

கீர்ஸ்டன் என்னைப் பார்த்தார். ரீலைப் பின்னுக்குச் சுற்றி அந்த இடத்தை மறுபடி ஓட்டச் சொன்னார், இந்த முறை மெதுவாக வாசிக்கட்டும் என்று. நான் சொன்னேன். நாகலிங்கண்ணை சீவாளியைக் கீழே வைத்தார்.

"தம்பி, படத்தை நீங்கள் பின்னுக்குச் சுத்தலாம். கெட்டிமேளத்தைச் சுத்தேலாது. நான் கொட்டி வைச்ச சோடி ஒண்டையும் இதுவரை நானே பிரிச்சதில்லை. அந்தப் பிள்ளைக்கு நாளைக்கு ஒண்டு நடந்தால் ஆர் பொறுப்பு?"

"அந்த நடிகை செத்து எவ்வளவோ காலம்" என்றார் கீர்ஸ்டன்.

நான் மொழிபெயர்த்து முடிக்க முதலே பாலன், "பாத்தியளே, சுமங்கலியாப் போய்ச் சேர்ந்திருக்கிறா" என்றான்.

இதை நான் டெனிஷில் சொல்லவில்லை. சொல்லவும் தெரியாது. இதற்குள் பரமேசக்காவும் வந்து சேர்ந்தா. பெடியன்ரை பக்கத்திலை ஒருத்தரும் இல்லை, பெம்பிளைக்குத் தேப்பனும் வரேல்லை, இப்பிடிக் கலியாணம் செல்லுமோ என்று புதிதாக ஒரு கேள்வியைப் போட்டா. பாலன் அதற்கு, படத்தின் இரண்டாவது ரீலில் ஒரு மாமன் முறை ஆள் வந்து போனாரே என்றான். ஜெர்மனியில் என்றைக்கோ எடுத்த படத்தின் கதாநாயகிக்கு யூலண்டில் பொப்கோர்ன் மெஷினுக்கு முன்னால் நின்று உறவுமுறை பேசினோம். நானும் பேசினேன். பொய் சொல்லக் கூடாது.

கீர்ஸ்டன் மண்டபக் கதவைக் காட்டினார்.

"உள்ளுக்கை என்ரை அக்கா இருக்கிறா. கட்டாமலும் ஒருத்தி நிமிந்து நடக்கலாம் எண்டு அவ ஒருக்கா இருந்து பாக்கவேணும் எண்டுதான் இவ்வளவும் செய்தனான். இப்ப அவ சந்தோசமா இருக்கிறா. கோப்பியும் கேட்டு வாங்கிக் குடிக்கிறா."

இதை நான் சொன்னபோது மேளகாரர் இருவரும் தலையைக் குனிந்தார்கள். ஆனாலும் நாகலிங்கண்ணை விட்டுக்கொடுக்கவில்லை. அதுவரை சுவரோடு நின்ற பிரேபென், பள்ளிக்கூட வாத்தியார் கேட்கிற மாதிரி ஒரு கேள்வி கேட்டார். அந்த இடத்தில் ஏன் அவ்வளவு சத்தம்?

நாகலிங்கண்ணை முதன்முறையாகச் சிரித்தார்.

"அது சந்தோசத்துக்கு இல்லை ஐயா. அந்த நேரம் ஆரும் தும்முவினம். ஆரும் அழுவினம். பின்னாலை இருந்து ஆரும் ஒரு கூடாத கதை கதைப்பினம். அது அந்தப் பிள்ளையளின்ரை காதிலை விழக்கூடாது. அதுக்குத்தான் கொட்டுறது."

பிரேபெனுக்கு நான் சொன்னேன். அவர் கீர்ஸ்டனைப் பார்த்தார். கீர்ஸ்டன் கையில் பொத்திப் பிடித்திருந்த சாவிகளை விட்டுவிட்டார். அவை கலகலத்தன.

"கலியாணத்துக்கு மட்டும்தான் கொட்டலாமோ எண்டு கேள்" என்றார்.

நாகலிங்கண்ணை யோசித்தார். கூடாத கதை எங்கே வருமோ அங்கே கொட்டலாம், ஆனால் இதுவரை ஒருவரும் வேறு இடத்துக்குக் கேட்கவில்லை என்றார்.

"கடைசி ரீலிலை ஒரு தெரு வருகுது" என்றார் கீர்ஸ்டன்.

ஏற்பாடு இப்படி முடிந்தது: கொட்டினது கொட்டினதாகவே இருக்கும், பின்னுக்குச் சுற்றுவதில்லை. கலியாணம் நடக்கவில்லை என்று சொல்வது கீர்ஸ்டனின் வேலை, அதை மறுத்து மேளகாரர் ஒன்றும் சொல்ல மாட்டார்கள். தெருவில் வருகிற வசை அட்டைகளைப் பிரேபென் வாசிக்க மாட்டார். பிரேபெனுக்குத்தான் அதில் கவலை. மற்றவற்றைவிட அந்த வசைகளைத்தான் நன்றாகப் பயிற்சி எடுத்திருந்தேன் என்றார்.

கீர்ஸ்டன் திரைக்கு முன்னால் போய் நின்றார். படத்தில் உள்ள பெண்ணுக்குக் கலியாணம் நடக்கவில்லை, நடக்கப் போவதுமில்லை, நாம் கேட்டது இசைக்காரரின் நல்ல மனது என்றார். எங்கள் சனத்திடம் ஒரு முணுமுணுப்பு. கேர்டா வாயில் இருந்ததை விழுங்கிவிட்டு, பொப்கோர்ன் பெட்டியைப் பரமேசக்காவின் மடிக்குத் தள்ளினார். எழும்பிப் போய்விடுவார் என்று நினைத்தேன். பரமேசக்கா அவருடைய கையைப் பிடித்திருந்ததாலோ என்னவோ, போகவில்லை.

கடைசி ரீலுக்குக் கீர்ஸ்டன் மேலே வந்து எனக்குப் பக்கத்தில் நின்றார். பொட்டு மின்னியது, மாற்றினேன். வீட்டுக்காரன் எல்சாவையும் மணிக்கூட்டுக்காரனையும் வெளியே போகச் சொல்லிவிட்டான். அவன் கையில் பெட்டி. அவள் ஒரு சுவர் மணிக்கூட்டைக் குழந்தையைப் போல அணைத்தபடி படியிறங்கித் தெருவில் கால் வைக்கிறாள். இரண்டு பக்கமும் சனம். முகங்கள் பெரிதாகத் திரையை நிரப்புகின்றன. தொப்பிக்குக் கீழே ஒரு வாய், பல்லில்லாத வாய், விசிறியால் பாதி மறைத்த வாய். எல்லாம் அசைகின்றன.

கொட்டினார்கள்.

கெட்டிமேளம் என்பது ஒரு முடிச்சு விழுகிற நேரம் மட்டும் கொட்டுவது. அதைத் தெரு முழுவதற்கும் நிறுத்தாமல் யாரும் கொட்டி நான் கேட்டதில்லை. நாகலிங்கண்ணையின் கழுத்து நரம்பு மேலேயிருந்து பார்த்த எனக்கே தெரிந்தது. வசை அட்டைகள் வந்தன, போயின. பிரேபென் விளக்கை அணைத்துவிட்டு இருட்டில் கைகட்டி இருந்தார். வாய்கள் வீணாக அசைந்தன. அந்தப் பெண் மணிக்கூட்டோடு நடந்தாள்.

"இன்னும் மெதுவா" என்றார் கீர்ஸ்டன்.

ஊமைப் படத்துக்கு மெஷினின் வேகத்தைக் கூட்டிக் குறைக்க ஒரு திருகு உண்டு. அதிகம் குறைத்தால் படம் துடிக்கும். துடிக்காத எல்லை வரை திருகினேன். தெரு நீண்டது. "மோசமில்லை" என்றார், திரையைப் பார்த்தபடியே.

விளக்குகளைப் போட்டதும் ஒருவரும் எழும்பவில்லை. எதற்காக என்று தெரியாமலே எல்லாரும் கேர்டாவைப் பார்த்தார்கள். கீர்ஸ்டன் கீழே இறங்கிப் போய் வரிசையின் ஓரத்தில் நின்றார். நானும் பின்னால் இறங்கிப் போனேன். கேர்டா கைப்பையைத் திறந்தார், மூடினார். பிறகு, சரியான சத்தம் என்றார். அதன்பின் என்னைக் கையால் கூப்பிட்டு, இவர்கள் வெளியிலும் வாசிப்பார்களா என்று கேட்டார்.

ஏன் என்றேன்.

"இங்கையிருந்து கீர்ஸ்டன் வீட்டை போறதெண்டால் மிஷன் வீட்டைத் தாண்டிப் போகவேணும். இப்ப கூட்டம் விடுற நேரம். எல்லாரும் படியிலை நிப்பினம். என்னைக் கண்டால் என்ன சொல்லுவினம் எண்டு எனக்குத் தெரியும். இவ்வளவு காலமும் நானும் சொன்னனான்."

தெருவில் மேளம் கொட்டப் பொலிசில் அனுமதி எடுக்க வேண்டும் என்றார் கீர்ஸ்டன். சட்டம் என்றால் சட்டம் என்கிற மனுசி. பிரேபென் கீர்ஸ்டனின் கோட்டை எடுத்து நீட்டினார். அனுமதி வருவதற்குள் கேர்டா மனம் மாறிவிடுவார் என்றார். பாலன்தான் அதிகம் மறுத்தான். வெளியே தூறல், தவில் தோல் நனைந்தால் தொலைந்தது என்றான். பரமேசக்கா குடையை விரித்துத் தவிலுக்குப் பிடித்தா. கேர்டாவுக்கு ஒருவரும் பிடிக்கவில்லை. அவருக்குத் தொப்பி இருந்தது.

அப்படிப் புறப்பட்டது ஊர்வலம். முன்னால் நாதஸ்வரம், அடுத்தது குடைக்குக் கீழே தவில், அதன் பின்னால் நாலு சில்லு நடைவண்டியைத் தள்ளிக்கொண்டு கேர்டா, ஒரு பக்கம் தங்கை, கொஞ்சம் தள்ளிப் பிரேபென். பின்னால் எங்கள் சனம் முழுக்கக் காரில், நடைவேகத்தில். ஞாயிற்றுக்கிழமை யூலண்டில் ஒரு ஊர் எவ்வளவு அமைதியாக இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். ஜன்னல் சீலைகள் ஒவ்வொன்றாக விலகின. ஒருவர் நாயைத் தூக்கிக்கொண்டு வேலிக்குப் பின்னால் நின்றார்.

மிஷன் வீட்டுப் படியில் அவர்கள் நின்றார்கள். கறுப்புக் கோட்டு, கையில் பாட்டுப் புத்தகம். முதலில் வாயைத் திறந்து பார்த்தார்கள். பிறகு ஒரு மனுசி பக்கத்து மனுசியின் காதுக்குச் சாய்ந்தா. நாகலிங்கண்ணை திரும்பி என்னைப் பார்த்தார். கலியாண வீட்டில் ஐயர் காட்டுகிற மாதிரி நான் விரலை உயர்த்தி ஆட்டினேன்.

பாலன் கொட்டியதில் கூரைப் புறாக்கள் எல்லாம் எழும்பிவிட்டன. படியில் இருந்த வாய்கள் அசைந்தன. நல்லதோ கெட்டதோ, ஒரு சொல்லும் எங்கள் பக்கம் வந்து சேரவில்லை. கேர்டா நடைவண்டியைத் தள்ளியபடி ஒவ்வொருவருக்கும் தலையசைத்தார். ஒருவரையும் விடவில்லை.

கீர்ஸ்டனின் வீட்டு வாசலில் மேளம் நின்றது. காதுக்குள் இரைச்சல் மட்டும் இருந்தது. கேர்டா கால்துடைப்பில் சப்பாத்தைத் துடைத்தார், வெகு நேரம் துடைத்தார். பிரேபென் கதவைத் திறந்து பிடித்தபடி நின்றார்.

"கோப்பியைக் கடுமையாப் போடாதை" என்றார் கேர்டா, அவரைப் பார்த்து. "எனக்கு நித்திரை வராது."

மூவரும் உள்ளே போனார்கள். கதவு முழுக்கச் சாத்தவில்லை. நாங்கள் தூறலில் நின்றோம். உள்ளே கோப்பை வைக்கிற சத்தம் கேட்டது, பிறகு ஒன்றும் கேட்கவில்லை. பாலனுக்கு அந்த அமைதி பொறுக்கவில்லை. தடியைத் தூக்கிக்கொண்டு, "இன்னொருக்காக் கொட்டட்டோ அண்ணை?" என்றான்.

நாகலிங்கண்ணை நாதஸ்வரத்தை உறைக்குள் போட்டார்.

"வேண்டாம். அவை கதைக்கட்டும்."